அரசின்மீது வழக்கு: எந்த வாயிலில் நுழைவது?

 

நமது கல்விச் சங்கம் வெள்ளி விழாக் காணும் இந்நாளில் சட்டத்தைப் பற்றிச் சிறிது பேச முற்படுகிறோம். கல்வி என்பது பட்டம் பெறுவது மட்டுமன்று. நமக்குரிய உரிமையை எங்கே சென்று எவ்வாறு கேட்பது என்று அறிவதும் கல்வியே. வீட்டுமனை, நிலம், பாதை, இடுகாடு, வேலை என எதை எடுத்துக்கொண்டாலும், நம் மக்களுக்கு எதிரே இருப்பது பெரும்பாலும் ஓர் அரசு அலுவலகமே. நியாயம் நம் பக்கம் இருந்தும், தவறான வாயிலில் நுழைந்த ஒரே காரணத்தால் வழக்கு தோற்றுவிடக் கூடாது. இதுவே நாம் இன்று சொல்ல வந்த செய்தி.

அரசின்மீது வழக்குத் தொடுக்க முடியுமா என்று இன்னும் சிலர் அஞ்சுகின்றனர். முடியும். அரசியலமைப்பின் 300ஆம் பிரிவு அதற்கு இடமளிக்கிறது. இராஜஸ்தானத்தில் ஆட்சியரின் பயன்பாட்டுக்கென இருந்த அரசு ஜீப், பழுது பார்த்துத் திரும்பும் வழியில் ஒருவர்மீது மோதியதில் அவர் இறந்தார். அவருடைய மனைவி வித்யாவதி இழப்பீடு கேட்டு வழக்காடினார். ஓட்டுநரின் கவனக்குறைவுக்கு அரசே பொறுப்பு என்று 1962இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கணவனை இழந்த ஒரு பெண்ணின் முன் ஒரு மாநில அரசு பிரதிவாதியாக நின்று தோற்றது என்பதை நாம் மறத்தலாகாது.

அடுத்து, எந்த நீதிமன்றம் என்னும் கேள்வி. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் பிரிவு, உரிமையியல் தன்மையுள்ள எல்லா வழக்குகளையும் உரிமையியல் நீதிமன்றம் விசாரிக்கலாம் என்கிறது. வெளிப்படையாகவோ உட்கிடையாகவோ தடுக்கப்பட்டவை மட்டும் விலக்கு. அவ்விலக்குகளை நாம் அறிந்திருத்தல் வேண்டும். மத்திய அரசு ஊழியரின் பணி தொடர்பான வழக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்திற்குச் செல்ல வேண்டும். அரசுப் பேருந்து மோதிய விபத்துக்கு இழப்பீடு கேட்பவர், மோட்டார் வாகன விபத்துத் தீர்ப்பாயத்தை நாட வேண்டும்.

பட்டா பற்றிய விலக்கு நம் மக்களுக்கு மிக நெருக்கமானது. தமிழ்நாட்டின் 1983ஆம் ஆண்டுப் பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 14ஆம் பிரிவுப்படி, பாஸ் புத்தகத்தில் பெயரைச் சேர் என்றோ நீக்கு என்றோ அரசின்மீது வழக்குத் தொடுக்க இயலாது. ஆயினும் கதவு முற்றிலும் அடைக்கப்படவில்லை. அந்தப் பதிவினால் தம் உரிமை பாதிக்கப்பட்டவர், அவ்வுரிமையை மறுப்பவர்மீது விளம்புகை கோரி வழக்கிடலாம். தீர்ப்புக் கிடைத்தால் பதிவு அதற்கேற்பத் திருத்தப்படும். அலுவலகத்தில் பல்லாண்டு அலைவதற்கும் சரியான வழக்கொன்றைத் தொடுப்பதற்கும் உள்ள வேறுபாடு இதுவே.

சட்டம் தடை விதித்தாலும் அது எல்லையற்ற தடையன்று. 1968இல் உச்ச நீதிமன்றம் துலாபாய் வழக்கில் இதனை விளக்கியது. சட்டத்தின் விதிகளைப் பின்பற்றாமலோ, நீதிமுறையின் அடிப்படை நெறிகளைக் கைவிட்டோ ஓர் அதிகாரி முடிவெடுத்திருந்தால், உரிமையியல் நீதிமன்றம் அதனை ஆராயலாம்.

மூன்றாவது, முன்னறிவிப்பு. 80ஆம் பிரிவுப்படி, வழக்கிடுவதற்கு 2 மாதம் முன்னரே எழுத்து மூலம் அறிவிப்புக் கொடுக்க வேண்டும். மாநில அரசாயின் அரசுச் செயலாளரிடமோ மாவட்ட ஆட்சியரிடமோ அது சேர வேண்டும். வட்டாட்சியர் அலுவலகத்தில் கொடுத்த மனு அதற்கு ஈடாகாது. வழக்கு எழுந்த காரணம், வாதியின் பெயர், முகவரி, கோரும் பரிகாரம் ஆகிய அனைத்தும் அதில் இருத்தல் வேண்டும். அறிவிப்புக் கொடுத்தும் 2 மாதம் முடியுமுன் தொடுத்த வழக்கு நில்லாது என்று 1984இல் பீகார் வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் கூறியது. அந்த 2 மாதம் காலவரம்பில் கணக்கிடப்படுவதில்லை என்பதால் அஞ்ச வேண்டியதில்லை. நாளையே வீட்டை இடிப்பர் என்னும் அவசர நிலையில், நீதிமன்றத்தின் அனுமதி பெற்று அறிவிப்பின்றியே வழக்கிட 1976ஆம் ஆண்டுத் திருத்தம் வழி செய்தது. ஆனால் அரசின் விளக்கத்தைக் கேட்ட பின்னரே இடைக்காலத் தடையும் கிட்டும்.

பிரதிவாதி யார் என்பதிலும் விழிப்பு வேண்டும். அதிகாரியை மட்டும் சேர்த்தல் போதாது. மாநிலத்தையே பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டும். நிலத்தைப் பற்றிய வழக்காயின், அந்நிலம் அமைந்துள்ள பகுதியின் நீதிமன்றத்திலேயே தொடுக்க வேண்டும்.

இனிப் பஞ்சமி நிலத்திற்கு வருவோம். செங்கற்பட்டு ஆட்சியர் திரமென்கீர் 1891இல் அளித்த அறிக்கையின் பயனாக, 1892 முதல் ஒடுக்கப்பட்ட மக்களுக்கு நிபந்தனையுடன் நிலம் வழங்கப்பட்டது. முதல் 10 ஆண்டு கைமாற்றலாகாது. பின்னரும் ஒடுக்கப்பட்ட மக்களுக்கன்றிப் பிறர்க்கு விற்றலாகாது. மீறிக் கைமாறிய நிலத்தைத் திரும்ப எடுக்கும் அதிகாரம் வருவாய்த் துறையிடம் உள்ளது. ஆதலின் முதல் வாயில் அதுவே. அதிகாரி கடமையைச் செய்யாதபோது, அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் பேராணை கோரலாம். 1994இல் காரணையில் இம்மண்ணுக்காகப் போராடியவர்களில் இருவர் துப்பாக்கிச் சூட்டில் உயிர் நீத்தனர். அத்தகைய விலை கொடுத்துக் கேட்ட உரிமை, ஒரு முன்னறிவிப்புக் குறைபாட்டால் வீணாகலாமா?

பொருளில்லையே என்று எவரும் தயங்க வேண்டா. 1987ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி, பட்டியல் இனத்தவர் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி பெறத் தகுதியுடையர்.

அண்ணல் அம்பேத்கர் மகாத் குளத்து நீரை மக்களுடன் சென்று பருகியது 1927இல். அவ்வாண்டு டிசம்பரில் எதிர்த்தரப்பினர் மகாத் உரிமையியல் நீதிமன்றத்தில் தடையுத்தரவு பெற்றனர். அண்ணல் அதனை மதித்து, வழக்கை நடத்தினார். 1937 மார்ச்சு 17 அன்று பம்பாய் உயர் நீதிமன்றத்தில் வெற்றி கிட்டியது. பத்தாண்டுப் பொறுமையும் சான்று திரட்டிய உழைப்பும் அதன் பின்னே இருந்தன.

இளைஞர்களே, உங்கள் ஊரின் நிலப் பதிவேட்டு நகல்களை இன்றே பெற்று வையுங்கள். கொடுக்கும் ஒவ்வொரு மனுவுக்கும் ஒப்புகை வாங்குங்கள். உங்களில் சிலராவது சட்டம் பயிலுங்கள். நம் பாட்டனார் கைநாட்டு வைத்த தாளை, நாம் படித்துப் பொருளறிந்து வழக்குமன்றத்தில் எடுத்துக்காட்டும் நாளே நமது சங்கத்தின் உண்மையான விழா நாளாகும்.