திருச்சி மேடையிலிருந்து வந்த கதாநாயகி

குலசை முத்தாரம்மன் மண்ணில் கூடியிருக்கும் பெரியோர்களே, தாய்மார்களே, தசரா செட் என்னும் வேஷக் குழுக்களை நடத்தும் தம்பிமார்களே!

சடைமுடி, கிரீடம், வீரப்பல், முதுகில் கட்டிய கைகள். தசராவுக்குக் காளி வேஷம் கட்டி, இத்தனையும் சுமந்து வாசலில் வந்து நிற்கும் ஆண்பிள்ளையை ‘அம்மா’ என்று கும்பிட்டுக் காணிக்கை போடும் ஊர் இது. வேஷத்தின் மதிப்பு தெரிந்த உங்களிடம்தான் தமிழ்ப் பேசும்படத்தின் முதல் கதாநாயகி டி.பி.ராஜலட்சுமியைப் பற்றிப் பேச வேண்டும்.

1911இல் திருவையாற்றில் பிறந்தவர். விளையாடுகிற வயதில் கல்யாணம், அது நிலைக்கவில்லை. தகப்பனாரும் காலமானார். தாயும் மகளும் திருச்சிக்கு வந்தார்கள். பெண் வேஷத்தையும் பெரும்பாலும் ஆண்களே கட்டிய காலம் அது. நாடகத்துக்குப் போகும் பெண்ணை ஊர் என்ன பேசியிருக்கும் என்று தாய்மார்களுக்குத் தெரியும். அந்தச் சிறுமியின் திறமையைக் கண்டு கைதூக்கிவிட்டவர் யார்? நம் தூத்துக்குடிச் சீமையின் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த நாடக ஆசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள்! சாமண்ணா நாடகக் கம்பெனியில் இடம் கிடைத்தது. மைக் இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்கப் பாட வேண்டும். அவருடைய பள்ளிக்கூடம் அதுதான்.

ஊமைப்படங்களிலும் நடித்தார். அப்புறம் பம்பாய், அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனி, தமிழின் முதல் பேசும்படம் ‘காளிதாஸ்’. நாயகி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பேசினார். 1931 அக்டோபர் 31, சென்னை கினிமா சென்ட்ரல் தியேட்டரில் படம் வெளியானது. காளிதாசன் கதைக்குள்ளே காந்தியின் கைராட்டையைப் போற்றி மதுரகவி பாஸ்கரதாஸ் எழுதிய பாட்டு! கதைக்கு ஒட்டாததுதான். ஆனால் நாடக மேடையில் தேசப் பாட்டு கேட்டே வளர்ந்த சனம், அதையும் கேட்கத் திரண்டது. 1942இல் உப்பளத்தில் வெள்ளையனை எதிர்த்து நின்ற குலசைக்கு அந்தச் சூடு புரியும்.

1936இல் ‘மிஸ் கமலா’. கதையும் அவரே, தயாரிப்பும் அவரே, இயக்கமும் அவரே. இருபத்தைந்து வயதுகூட ஆகியிருக்குமா! தமிழில் படம் இயக்கிய முதல் பெண் அவர்தான்.

செட் தம்பிமார்களே, ராஜலட்சுமியைப் போலவே மேடையை நம்பி, இந்தத் தசராவுக்கும் வெளியூரிலிருந்து ஆடவும் பாடவும் பெண் கலைஞர்கள் வருவார்கள். காளிக்குக் காப்புக் கட்டி விரதம் இருக்கிற நாம், அவர்களை வேன் மறைவில் உடை மாற்ற வைக்கலாமா? மேடைக்குப் பின்னால் பூட்டுப் போட்ட ஓர் அறை, விளக்குள்ள கழிப்பறை, பேசிய சம்பளம் அன்றிரவே கையில். இந்த மூன்றையும் செலவுக் கணக்கின் முதல் வரியில் எழுதுங்கள். கீழே நின்று விசிலடித்துக் கேவலமாகப் பேசுகிறவனை, அவன் நம் சொந்தக்காரனே ஆனாலும், வெளியே அனுப்புங்கள்.