ஏலம் தலைவிதியா, சட்டவிதியா?

(பொதுக்கூட்டத்தில் பேசியது)



இன்று நான் ஏலத்தைப் பற்றிப் பேசப் போகிறேன். தனிப்பட்ட லேவாதேவிக்காரன் போடும் ஏலத்தையல்ல; பொதுஜனங்களின் பணத்தை வைத்து நடக்கும் பாங்குகளும் நிதிக் கார்ப்பரேஷன்களும், கடன் கட்டத் தவறியவனுடைய வீட்டையும் பட்டறையையும் ஏலத்தில் விடுகிறார்களே, அதைப் பற்றித்தான்.

வீடு ஏலத்துக்கு வந்துவிட்டால் நம்மவர்கள் என்ன செய்கிறார்கள்? "எல்லாம் தலைவிதி" என்று நெற்றியில் அடித்துக்கொள்ளுகிறார்கள். சனி பிடித்துவிட்டது என்று ஜோசியனிடம் போய், இருக்கிற நாலு காசையும் தொலைக்கிறவர்களும் உண்டு. தோழர்களே! ஏலம் வருவது தலையில் எழுதிய விதியாலல்ல. பார்லிமெண்டு 2002-ல் செய்த சர்பேசி சட்டத்தாலும், அதன் கீழ் அந்த வருஷமே எழுதப்பட்ட 8-வது, 9-வது விதிகளாலும் வருகிறது. அந்த விதிகளை எழுதினவன் மனிதன். அவற்றைப் படித்தால் புரியும். மீறினால் ஏன் என்று கேட்கலாம். குற்றமிருந்தால் திருத்தச் சொல்லலாம். தலைவிதியிடம் இதில் எதையாவது செய்ய முடியுமா?

அந்தச் சட்டம் சொல்வதென்ன? கடன் வராக்கடன் ஆகிவிட்டால் பாங்கு 60 நாள் நோட்டீசு கொடுக்கவேண்டும். அதற்குள் கட்டாவிட்டால், கோர்ட்டில் டிக்கிரி வாங்காமலே பாங்கு சொத்தைக் கைப்பற்றலாம். அதாவது கடன் கொடுத்தவனே நீதிபதி, அவனே அமீனா, அவனே ஏலக்காரன்! இவ்வளவு அதிகாரத்தை ஒரே கையில் கொடுத்ததனால்தான் சில கட்டுகளையும் போட்டிருக்கிறார்கள். அங்கீகாரம் பெற்ற மதிப்பீட்டாளரைக் கொண்டு சொத்தை மதிக்கவேண்டும். குறைந்தபட்ச விலை குறிக்கவேண்டும். முதல் தடவை விற்குமுன் 30 நாள் நோட்டீசு தரவேண்டும். பொது ஏலமானால் இரண்டு பத்திரிகைகளில், அதில் ஒன்று அந்த வட்டார பாஷையில், விளம்பரம் செய்யவேண்டும். கடனும் செலவும் போக மிஞ்சுவதை உரியவனுக்குத் திருப்பித் தரவேண்டும். விவசாய நிலத்தின் மேலுள்ள அடமானத்துக்கு இந்தச் சட்டம் செல்லாது.

"கடன் வாங்கி ஏமாற்றினவனுக்கு நியாயம் எதற்கு?" என்று சிலர் கேட்கிறார்கள். இந்தக் கேள்வி சுப்ரீம் கோர்ட்டு வரைக்கும் போயிருக்கிறது. உத்தரப்பிரதேச நிதிக் கார்ப்பரேஷன் வழக்கில் (1993), விற்கிற கார்ப்பரேஷன் பிறர் சொத்துக்குப் பொறுப்பாளியைப் போல் நடந்து நல்ல விலைக்கு விற்கவேண்டும் என்று சொன்னார்கள். 2002-ல் ஹரியானா நிதிக் கார்ப்பரேஷன் வழக்கில் அந்தத் தீர்ப்பு சரியல்லவென்று தள்ளி, நியாயம் என்பது ஒருபக்கமாய் இருக்க முடியாது, கடனைக் கட்டாதவன் கார்ப்பரேஷனை மட்டும் கட்டிப்போட முடியாது என்றார்கள்.

நியாயம் இரு பக்கமும் வேண்டும் என்பதை நானும் ஒப்புக்கொள்ளுகிறேன். பாங்கின் பணம் ஆகாயத்திலிருந்து விழுந்ததல்ல. உங்கள் சேமிப்புப் பணம். அது திரும்பி வரத்தான் வேண்டும். ஆனால் குறைந்த விலைக்கு விற்றால் அது திரும்பி வருமா? கணக்குப் போட்டுப் பாருங்கள். 40 லட்சம் பெறும் வீடு. கடன் 25 லட்சம். 38 லட்சத்துக்குப் போனால், பாங்குக்கு முழுப் பணமும் வந்துவிடும். செலவு போகக் கடன்காரனுக்கும் ஏறக்குறைய 13 லட்சம் மிஞ்சும். அவன் வேறொரு பிழைப்புத் தேடுவான். அதே வீடு 24 லட்சத்துக்குப் போனால், பாங்குக்கு ஒரு லட்சம் நஷ்டம். கடன்காரனுக்கு வீடும் போய்க் கடனும் நிற்கும். அந்த மீதிக்காக அவனைக் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்கு இழுக்கவும் இதே சட்டம் இடம் கொடுக்கிறது. அப்படியானால் லாபம் யாருக்கு? கூட்டுச் சேர்ந்து கொண்டு எதிர்க்கேள்வி கேட்காமல் ஏலம் எடுத்தவனுக்கு 16 லட்சம்! ஆகையால் நல்ல விலைக்கு விற்கச் சொல்வது கடன்காரனுக்குத் தயவு காட்டச் சொல்வதல்ல. பொதுப்பணத்தைக் காப்பாற்றச் சொல்வதேயாகும்.

இன்னொன்றும் பாருங்கள். பெரிய கம்பெனி கட்டமுடியாமல் போனால், 2016-ம் வருஷத்துத் திவால் சட்டப்படி கடன் கொடுத்தவர்கள் கமிட்டியாகக் கூடி, 100-க்கு 66 பங்கு வோட்டால், வந்தவரைக்கும் போதும் என்று ஒரு திட்டத்தை ஒப்புக்கொள்ளலாம். பட்டறைக்காரன் வந்தால் மட்டும் மானேஜருக்கு உட்காரச் சொல்லவும் மனம் வருவதில்லை!

இனி நம் பக்கத்துக் குற்றத்தையும் சொல்லவேண்டும். நோட்டீசு வந்ததும் அக்கம்பக்கத்தார் அறிந்தால் மானம் போய்விடும் என்று அதைப் பெட்டிக்கு அடியில் ஒளித்துவைக்கிறோம். அறுபது நாளும் அங்கேயே செத்துப்போகிறது. அந்த நாட்களுக்குள் ஆட்சேபணை எழுதிக் கொடுத்தால், பாங்கு 15 நாளில் பதில் சொல்லவேண்டும். ஆட்சேபணையை ஏற்காவிட்டால் காரணமும் காட்டவேண்டும். சொத்தைக் கைப்பற்றியபின் 45 நாளுக்குள் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். முதலில் அங்கே கேட்கவேண்டுமானால் பாங்கு கேட்கும் தொகையில் 100-க்கு 75 பங்கைக் கட்டிவிட்டு வா என்று இருந்தது. அதைச் சுப்ரீம் கோர்ட்டு 2004-ல் அடித்துவிட்டது. முழுக் கடனையும் செலவையும் கட்டிச் சொத்தை மீட்கும் உரிமை முன்பு விற்பனை வரைக்கும் இருந்தது. 2016-ல் செய்த திருத்தத்தால் ஏல விளம்பரம் வெளியாகிற நாளோடு அது முடிந்துபோகிறது. 2023-ல் சுப்ரீம் கோர்ட்டும் அதை உறுதிசெய்திருக்கிறது. ஆகவே ஒளித்துவைத்த ஒவ்வொரு நாளும் உங்கள் கைவிட்டுப் போன நாள்தான். கடன்பட்டது அவமானமல்ல, கேட்கவேண்டியதைக் கேட்காமல் தலைகுனிந்து நிற்பதுதான் அவமானம்.

நாம் கேட்பது அதிகமல்ல. மதிப்பீட்டு அறிக்கையின் நகலைக் கடன்காரன் கேட்காமலே அவன் கையில் கொடுக்கவேண்டும். குறைந்தபட்ச விலையை எந்தக் கணக்கில் குறித்தார்கள் என்பதை விளம்பரத்திலேயே சொல்லவேண்டும். விற்று முடிந்ததும் வரவு செலவுக் கணக்கை ஒரு தவணைக்குள் கொடுத்து, மிச்சத்தையும் அவன் தேடி வரக் காத்திராமல் சேர்ப்பிக்கவேண்டும். யோக்கியமாய் நடக்கும் பாங்குக்கு இதில் ஒரு கஷ்டமும் இல்லை.

தோழர்களே! வீட்டுக்குப் போனதும் பெட்டிக்கு அடியில் பாருங்கள். நோட்டீசு இருந்தால், நாளைக்கே எழுதப் படிக்கத் தெரிந்தவரிடம் கொண்டுபோய்க் காட்டுங்கள்.