செவிவழி ஓர் ஆற்றங்கரை



ஓர் ஊரின் பழமையை அறிய விரும்பும் ஒருவர், வழிகாட்டி எவரையும் கூலிக்கு அமர்த்தாமலும், விரித்த புத்தகத்தைக் கையில் ஏந்தித் தெருவில் தடுமாறாமலும், காதில் பொருத்திய சிறு கருவியில் ஒலிக்கும் ஒரு குரலை மட்டும் துணையாகக் கொண்டு, அது நிற்கச் சொன்ன இடத்தில் நின்று, திரும்பச் சொன்ன முனையில் திரும்பி, தமக்கு இசைந்த வேகத்தில் நடந்து செல்லும் பழக்கம் இன்று உலகின் பல நகரங்களில் வேரூன்றியிருக்கிறது. ஒலி உலா என்று அதைச் சொல்லலாம். ஆற்றங்கரை ஊர்களுக்கு இந்த உலா விசேஷமாகப் பொருந்துகிறது. கரையை விட்டு விலகாமல் நடப்பவருக்குத் திசை மயக்கம் இல்லை. கோட்டையும் கோயிலும் படித்துறையும் சந்தையும் பெரும்பாலும் கரையை அண்டியே எழுந்தவை ஆகையால், சரித்திரமும் வரிசையாகவே எதிர்ப்படுகிறது. இந்தக் கலையின் தராதரத்தைப் பற்றியும், கமண்டல நாகநதிக் கரையிலுள்ள ஆரணி என்னும் பட்டு நகரத்துக்கு அது எவ்விதம் பயன்படக்கூடும் என்பதைப் பற்றியும் என் அபிப்பிராயங்களைச் சொல்ல விரும்புகிறேன்.

இக்கலையின் பிறப்பில் வானொலிக்குப் பங்கு உண்டு என்பதை வானொலியிலேயே சொல்ல நேர்வது எனக்கு மகிழ்ச்சி அளிக்கிறது. 1952ஆம் ஆண்டில் ஆம்ஸ்டர்டாம் நகரத்து ஸ்டெடலிக் அருங்காட்சியகத்தில், சித்திரங்களைப் பற்றிய விளக்கம் கட்டடத்துக்குள்ளேயே சிற்றலையில் ஒலிபரப்பப்பட்டது. வந்தவர்கள் கையடக்கமான கருவியைக் காதோடு சேர்த்துக் கேட்டார்கள். ஒலிபரப்பு ஒன்றே ஆனதால், கூடியிருந்த அனைவரும் ஒரே சமயத்தில் ஒரே சித்திரத்தின் முன் நிற்க வேண்டியிருந்தது. பின்னர் ஒலிநாடாவும், அதற்குப் பின் கைப்பேசியும் வந்து, கேட்பவர் எப்போது தொடங்குவது, எங்கே நிறுத்துவது என்பதை அவரவர் விருப்பத்துக்கு விட்டுவிட்டன. கனடா தேசத்துக் கலைஞர் ஜேனட் கார்டிஃப் 1991இல் பான்ஃப் என்ற மலைநகரில், தாம் நடந்த பாதையிலேயே கேட்பவரையும் நடக்கச் செய்யும் ஒலிப்பதிவு ஒன்றை முதன்முதலாக அமைத்தார். அவருடைய நடைகளில், பதிவிலுள்ள காலடி ஓசை எது, தம் காலடி ஓசை எது, பதிவில் வந்த பறவைக் குரல் எது, மரத்தில் உண்மையாகவே கூவிய பறவை எது என்று பிரித்தறியாத ஒரு மயக்கத்தில் கேட்பவர் ஆழ்ந்துபோகிறார். 1999இல் லண்டனில் வைட்சாப்பல் நூலகத்திலிருந்து புறப்படும்படி அவர் அமைத்த நடை, செய்தி சொல்லும் சாதனமாக இருந்த ஒன்றைக் கலையாக உயர்த்திய படைப்புகளில் ஒன்று.

இது முற்றிலும் மேல்நாட்டுச் சரக்கு என்று நாம் ஒதுங்க வேண்டியதில்லை. ஆரணி சேர்ந்திருக்கும் மாவட்டத்தின் தலைநகரான திருவண்ணாமலையில், சுமார் 14 கிலோமீட்டர் நீளமுள்ள கிரிவலப் பாதையில், இந்திரலிங்கம் தொடங்கி ஈசான்யலிங்கம் ஈறாக எட்டுத் திக்குக்கும் ஒன்றாக லிங்கங்கள் அமைந்திருக்க, ஒவ்வொன்றிலும் நின்று, அதன் மகிமையைக் கேட்டு, மறுபடி நடக்கும் முறை நெடுங்காலமாக நிலவி வருகிறது. நடையும் நிறுத்தமும் கதையும் ஒன்றோடொன்று பிணைந்த இந்த அமைப்பைத்தான் ஒலி உலா இன்று வேறொரு கருவியின் மூலம் செய்கிறது. ஆற்றைப் பின்பற்றிச் சரித்திரம் தேடுவதற்கும் நம்மிடம் சிறந்த முன்மாதிரி இருக்கிறது. எழுத்தாளர்கள் சிட்டியும் தி. ஜானகிராமனும் காவேரிக் கரையோரம் பிரயாணம் செய்து எழுதிய ‘நடந்தாய் வாழி காவேரி’ 1971இல் வெளிவந்தது. அவ்விருவருமே அகில இந்திய வானொலியில் பணி செய்தவர்கள். கேட்பதற்காக எழுதிப் பழகிய கைகள் ஓர் ஆற்றைப் பற்றி எழுதும்போது வாக்கியத்துக்குக் கிடைக்கும் ஓட்டத்தை அந்நூலில் உணர முடியும். ஒலி உலாவுக்கு உரை எழுத முன்வருகிறவர்கள் அதை ஒருமுறையேனும் படிக்க வேண்டும்.

இனி ஆரணிக்கு வருவோம்.

ஜவ்வாது மலைப் பக்கத்தில் பிறந்து, ரேணுகாம்பாள் கோயில்கொண்டுள்ள படைவீட்டைத் தழுவி வரும் கமண்டல நதி, நாகநதியோடு கூடி, இரண்டு பெயரையும் ஒருங்கே தாங்கிக்கொண்டு, ஆரணியைக் கடந்து சென்று செய்யாற்றில் கலக்கிறது. செய்யாறு பாலாற்றை அடைகிறது. பாலாற்றுப் படுகையின் ஆறுகளுக்கெல்லாம் பொதுவான சுபாவமே இதற்கும் உண்டு. வடகிழக்குப் பருவமழைக் காலத்தில் சில நாட்கள் கரை புரண்டு ஓடிவிட்டு, ஆண்டின் பெரும்பகுதி மணலுக்கடியில் மறைந்து வாழும். பெருநதிக் கரை நகரங்களில் நீர்ப்பரப்பும் பாலங்களும் படகுகளும் கண்ணுக்கு விருந்தளிப்பதால், காதில் ஒலிக்கும் குரல் அங்கே ஓர் உபசாரம் மாத்திரமே. வறண்ட மணலைப் பார்த்து நிற்பவருக்கோ, இங்கே என்ன நடந்தது என்று சொல்ல ஒரு குரல் இல்லையென்றால் ஒன்றுமே இல்லை. ஆகவே, லண்டனையும் ஆம்ஸ்டர்டாமையும் காட்டிலும் ஆரணி போன்ற ஊர்களுக்கே இந்தக் கலை அதிகம் தேவைப்படுகிறது என்பது என் துணிபு.

உலாவைப் புதுக்காமூரில் தொடங்கலாம். அங்கே ஆற்றங்கரையில் உள்ள சிவாலயத்தில், தசரத சக்கரவர்த்தி மகப்பேறு வேண்டிப் புத்திரகாமேஷ்டி யாகம் செய்தார் என்பது தல வரலாறு. ஜமதக்கினி முனிவரின் கமண்டலத்து நீரே இந்நதியாயிற்று என்பது மக்கள் வழிவழியாகச் சொல்லிவரும் ஐதிகம். ஒலி உலா எழுதுகிறவர்கள் பெரும்பாலும் சறுக்குகிற இடம் இதுதான். ஐதிகத்தையும் ஆவணத்தையும் ஒரே குரலில், ஒரே உறுதியோடு சொல்லிக்கொண்டு போனால், கேட்பவர் இரண்டையும் நம்புவார், அல்லது இரண்டையும் சந்தேகிப்பார். ஐதிகத்தை அதை நம்பும் ஒரு பக்தரின் குரலிலும், ஆவணத்தை உரையாளரின் குரலிலும் தனித்தனியே தந்துவிட்டால், ஒன்றுக்கொன்று மரியாதை குறையாமல் இரண்டும் நிலைபெறும்.

ஆவணம் பேசும் இடங்களும் ஆரணியில் குறைவில்லை. 1751ஆம் ஆண்டு, ஆற்காட்டுக் கோட்டையில் ஏறக்குறைய ஐம்பது நாள் முற்றுகையைத் தாங்கி வெளிப்பட்ட ஆங்கிலேயத் தளபதி ராபர்ட் கிளைவ், மராட்டியக் குதிரைப் படையைத் துணைகொண்டு, ஆற்காட்டு நவாப் பதவிக்கு உரிமை கோரிய சந்தா சாகிபின் மகன் ரஸா சாகிபையும் அவனுக்கு உதவிய பிரெஞ்சுப் படையையும் துரத்தி வந்து, டிசம்பர் 3ஆம் தேதி ஆரணிக்கருகில் எதிர்கொண்டார். ரஸா சாகிபின் படையே எண்ணிக்கையில் பெரிது. ஆனால் அது மழைக்காலத்தின் கடைசிப் பகுதி. வயல்களெல்லாம் நீர் தேங்கிச் சேறாகிக் கிடந்தன. அந்தச் சேற்றுக்கு நடுவே மேடாகச் சென்ற பாதை ஒன்றே பீரங்கிகள் செல்லத் தக்கதாக இருந்தது. அந்தப் பாதையை நோக்கிக் கிளைவ் தம் பீரங்கிகளை நிறுத்தினார். பெரிய படை குறுகிய மேட்டில் நெருக்குண்டு, நிலைகுலைந்து, இருள் சூழ்ந்ததனாலேயே முற்றும் அழியாமல் தப்பியது. பாடப் புத்தகத்தில் ஒரு வரியில் முடிந்துவிடும் இந்த யுத்தத்தை, நாற்று நட்ட வயலோரம் நின்று கேட்கிறவர் வேறுவிதமாக அறிகிறார். இன்று அரிசிக்குப் பேர்போன ஆரணியின் அதே நஞ்சைச் சேறுதான் அன்று ஒரு படையின் விதியை நிர்ணயித்தது என்பது, வயலைக் கண்ணெதிரில் வைத்துக்கொண்டு கேட்கும்போது ஒரு கணத்தில் விளங்கிவிடுகிறது. ஒலி உலாவின் முழு நியாயமும் எனக்கு இந்த ஒரு கணத்தில் அடங்கியிருப்பதாகத் தோன்றுகிறது.

1782 ஜூன் 2ஆம் தேதி மைசூரின் ஹைதர் அலியும் ஆங்கிலேயத் தளபதி சர் அயர் கூட்டும் இதே ஆரணியில் மோதினார்கள். ஹைதரின் தளவாடக் கிடங்கு இங்கே இருந்ததே கூட் இவ்வூரை நாடி வந்ததற்குக் காரணம். கோட்டை அவர் கைக்கு வரவில்லை. அவ்வாண்டு டிசம்பரிலேயே ஹைதர் மறைந்தார். மராட்டிய ஜாகீர்தார்கள் 17ஆம் நூற்றாண்டு முதல் இவ்வூரை ஆண்டுவந்த கதை தனி உலாவுக்கு உரியது. ஆற்றங்கரை நடையில் அதைத் திணித்தால் கேட்பவர் களைத்துப்போவார்.

பட்டைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். பட்டும் தண்ணீரைச் சார்ந்த தொழில் என்பதைப் புடவையை மட்டும் பார்த்தவர்கள் உணர்வதில்லை. கச்சாப் பட்டு நூலின்மேல் பசை படிந்திருக்கிறது. சோப்பும் சோடாவும் கலந்த கொதிநீரில் அவித்து அதைப் போக்கினால்தான் நூலுக்கு மென்மையும் பளபளப்பும் வரும். நூலின் எடையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு அந்தக் கொதிநீரிலேயே கரைந்துவிடுகிறது. பின்னர் சாயம் ஏற்ற வேண்டும், மறுபடி மறுபடி அலச வேண்டும். அதன் பிறகே பாவும் ஊடையும். விடியற்காலையில் தெருவின் நீளத்துக்குப் பாவை விரித்து, இருமருங்கும் குடும்பத்தார் நின்று, அறுந்த இழைகளைப் பிணைத்துக்கொண்டே செல்லும் காட்சி நெசவாளர் தெருக்களுக்கு உரியது. அணிந்தவர் தோளில் பாரமாக அழுத்தாத இலேசான புடவை என்ற நற்பெயரை ஆரணிப் பட்டு பெற்றிருக்கிறது. புவிசார் குறியீடும் அதற்கு வழங்கப்பட்டுள்ளது.

நெசவாளர் தெருவுக்குள் நுழைந்ததும் உரையாளர் வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்பதை நான் வற்புறுத்திச் சொல்வேன். குழித்தறியில் மிதிபலகை இறங்க, நாடா இந்தப் புறமிருந்து அந்தப் புறம் பாய, அச்சு வந்து ஊடையைத் தட்ட, வீட்டுக்கு வீடு சற்றே மாறுபட்ட தாளத்தில் எழும் அந்த ஓசையைப் பதிவு செய்து காதுக்குள் ஒலிக்கவிடுவது, திருவிழாவுக்கு வந்த குழந்தைக்குத் தேரின் படத்தைக் காட்டுவதற்கு ஒப்பாகும். கருவியைக் கழற்றிவிட்டுக் கேளுங்கள் என்று சொல்லத் தெரிந்த உலாவே சிறந்த உலா. பேசுவதைப்போலவே பேசாமல் இருப்பதையும் எழுதி அமைக்க வேண்டியிருக்கிறது. இதில் தேர்ந்தவர்கள் சிலரே.

இக்கலையின் குறைகளையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். இரு காதையும் அடைத்துக்கொண்டு நடப்பவர், பின்னால் வரும் நெல் லாரியின் ஒலியை மட்டுமல்ல, திண்ணையிலிருந்து “யாருப்பா, எந்த ஊரு?” என்று கேட்கும் பெரியவரின் குரலையும் இழந்துவிடுகிறார். முதலாவது ஆபத்து, இரண்டாவது பெரிய நஷ்டம். அந்தப் பெரியவர் அறிந்த ஆரணி எந்தப் பதிவிலும் ஏறியிராது. ஒரு காதில் மட்டும் கருவியை வைத்துக்கொள்வதும், திண்ணைக் குரல் கேட்டால் பதிவை நிறுத்திவிடுவதும் நடப்பவரின் கடமை. மற்றொரு குறை, எல்லா ஊருக்கும் ஒரே விதமான கம்பீரக் குரலும், ஒரே விதமான வாத்திய இசையும், விளம்பரம்போல் அடுக்கும் புகழ்ச்சியும். வட ஆற்காட்டுப் பேச்சின் சாயல் சிறிதும் படாத ஒரு குரல், ஆரணியின் ஆற்று மணலையும் அவரைப் பந்தலையும் பற்றி எவ்வளவு அழகாகப் பேசினாலும், அதை ஊரார் தம்முடையதாக ஏற்கமாட்டார்கள். வழி சொல்லும்போதும் கவனம் வேண்டும். கடைப் பலகையை அடையாளம் சொன்னால் அடுத்த ஆண்டே உலா பழுதாகிவிடும். அரசமரத்தையும் கோபுரத்தையும் படித்துறையையும் சொன்னால் நெடுநாள் நிற்கும்.

இத்தனையும் சீர்தூக்கிப் பார்த்தபின், இந்தக் கலை நாம் ஆவலோடு வரவேற்றுப் பயில வேண்டிய ஒன்று என்றே முடிவு செய்கிறேன். அதற்குப் பெருஞ்செல்வம் தேவையில்லை. ஒரு கைப்பேசியும், சரித்திரத்தில் அக்கறையும், பிறர் பேசும்போது பொறுமையாகக் கேட்கும் குணமும் போதும்.

ஆரணியிலும் சுற்றுக் கிராமங்களிலும் உள்ள பள்ளி ஆசிரியர்களுக்கு ஒரு விண்ணப்பம். கோடை விடுமுறைக்கு முன் உங்கள் மாணவர்களிடம், வீட்டிலும் தெருவிலும் உள்ள முதிய நெசவாளர்களையும், ஆற்றில் ஊற்றுத் தோண்டி நீர் மொண்ட காலத்தை நினைவில் வைத்திருக்கும் பாட்டிமார்களையும் பேசச் சொல்லிப் பதிவு செய்துவரும் பணியைக் கொடுங்கள். பேசுகிறவர் சம்மதத்தைக் கேட்டுப் பெறவும், பேசிய இடத்தையும் தேதியையும் குறித்துக்கொள்ளவும் கற்றுக்கொடுங்கள். அந்தப் பதிவுகளின் ஒரு பிரதியை ஊர் நூலகத்தில் சேர்த்துவையுங்கள். ஆரணியின் ஒலி உலாவை யார் அமைக்க முன்வந்தாலும், அவர்கள் முதலில் நாடிவர வேண்டிய இடம் அந்த நூலகமாக இருக்கட்டும்.