பெயருக்கு முன்னால் நிற்கும் எழுத்துக்கள்



 

 

மஃரிபுக்குப் பின்னர் நான் ஓதிக்கொடுக்கும் வகுப்பில், ஏறக்குறைய பதின்மூன்று வயதுடைய ஒரு மாணவனிடம் முழுப்பெயரைக் கேட்டேன். எம்.ஏ.எல். என்று மூன்று எழுத்துக்களைச் சொல்லி, அதன்பின் தனது பெயரைச் சொன்னான். அந்த மூன்று எழுத்துக்களும் எவற்றைக் குறிக்கின்றன என்று வினவினேன். "அது சும்மா இனிஷல், ஹஸ்ரத்" என்றான். ஏனைய மாணவர்களையும் கேட்டேன். தமது எழுத்துக்களை முழுமையாக விரித்துச் சொல்லத் தெரிந்தவர்கள் மிகச் சிலரே. அன்றிரவு வீடு திரும்பும்போது, நமது துறைமுகத்தில் கண்டெடுக்கப்பட்ட ஒரு கல் என் நினைவுக்கு வந்தது.

திருகோணமலைத் துறைமுகத்தின் நிக்கல்சன் குடாப் பகுதியில் கிடைத்த மீஸான் கல் அது. அறபு எழுத்துப் பொறிக்கப்பட்டது. ஹிஜ்ரி 729, அதாவது கி.பி. 1329ஆம் ஆண்டுக்குரியது எனக் கணிக்கப்பட்டுள்ளது. அங்கு அடக்கம் செய்யப்பட்டவர் ஒரு பெண். தலைவர் பத்ருத்தீன் ஹுஸைன் பின் அலீ அல்ஹலபீ என்பவரின் மகள் என்று அக்கல் அவரை அறிமுகப்படுத்துகின்றது.

அந்தத் தந்தையின் பெயரைச் சற்று நின்று வாசித்துப் பாருங்கள். ஹுஸைன் என்பது அவருக்குச் சூட்டப்பட்ட பெயர். பத்ருத்தீன், அதாவது மார்க்கத்தின் முழுநிலவு, என்பது சிறப்புப் பெயர். பின் அலீ என்பது அவர் இன்னாரின் மகன் என்பதைச் சொல்கின்றது. அல்ஹலபீ என்றால் ஹலப் நகரத்தவர். இன்று சிரியாவிலுள்ள அலெப்போ நகரமே அது. ஏறக்குறைய எழுநூறு ஆண்டுகளுக்கு முன், எத்தனையோ கடல்களைக் கடந்து வந்து நமது கரையில் மரணித்த ஒரு பெண்ணின் தகப்பன் யார், பாட்டன் யார், ஊர் எது என்பவற்றை இன்றும் நம்மால் சொல்ல முடிகின்றது. அந்தப் பெயரை எழுத்துக்களாகச் சுருக்கியிருந்தால் நமக்கு என்ன கிடைத்திருக்கும்?

அன்பர்களே! தகப்பனின் பெயரை அல்குர்ஆன் சிறிய விடயமாகக் கருதவில்லை. ஸைத் பின் ஹாரிஸா (ரழி) அவர்களை நபியவர்கள் மகனைப்போல் வளர்த்தார்கள். மக்களும் ஸைத் பின் முஹம்மத் என்றே அழைத்து வந்தார்கள். அதைவிடக் கண்ணியமான பெயர் உலகில் ஏது? ஆயினும் அவரவரைப் பெற்ற தந்தையரின் பெயராலேயே அழையுங்கள் என்ற கட்டளை ஸூரத்துல் அஹ்ஸாபின் ஐந்தாவது வசனத்தில் இறங்கியது. ஸைத் மீண்டும் ஹாரிஸாவின் மகனானார். உறவுகளைச் சேர்ந்து நடப்பதற்காக உங்கள் வம்சாவழியை அறிந்துகொள்ளுங்கள் என்ற கருத்தில் திர்மிதியில் ஒரு ஹதீஸும் உண்டு. இன்னார் என் உறவினர் என்று தெரியாதவன் எவ்வாறு அவரைச் சேர்ந்து நடப்பான்?

நமது முன்னோரின் பெயர்களில் அறபு மட்டும் இருக்கவில்லை. மரைக்கார் என்ற பெயரை மரக்கலம் எனும் தமிழ்ச் சொல்லோடு தொடர்புபடுத்துவோர் உளர். கப்பலைக் குறிக்கும் மர்கப் எனும் அறபுச் சொல்லோடு தொடர்புபடுத்துவோரும் உளர். எவ்வாறாயினும் அதில் கடல் இருக்கின்றது. லெப்பை என்பது பள்ளிவாசலில் பணிபுரிந்தோரையும் ஓதிக்கொடுத்தோரையும் குறித்து வந்த பெயர். முஸ்லிம் நேசன் பத்திரிகையை 1882இல் ஆரம்பித்த அறிஞர் சித்தி லெப்பையை நாம் அனைவரும் அறிவோம். ஆனால் அவரது சொந்தப் பெயர் முகம்மது காசிம். சித்தி லெப்பை என்பது தந்தையின் பெயர். மகனின் சேவையினால் தந்தையின் பெயர் நிலைத்துவிட்டது. நம்மோடு வாழும் மலாய்ச் சகோதரர்களின் பெயர்களில் துவான் என்று வருவதும் ஒரு மரியாதைச் சொல்லே. கொழும்பு ஸாஹிராவின் அதிபராக இருந்த ரி.பி. ஜாயாவின் பெயரிலுள்ள ரி என்ற எழுத்துக்குள் அந்தத் துவான்தான் இருக்கின்றது. மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்து முஸ்லிம்களிடம் தாய்வழியாக வரும் குடி முறை உண்டு; எந்த அடையாள அட்டையிலும் அது எழுதப்படுவதில்லை, எனினும் கலியாணப் பேச்சு என்று வந்துவிட்டால் முதலில் விசாரிக்கப்படுவது அதுதான்.

நமது மூத்தம்மாமார்களுக்கு முத்தும்மா என்றும் தங்கம்மா என்றும் பெயர்கள் இருந்தன. அவற்றைக் கேட்டு இன்றைய பிள்ளைகள் சிலர் சிரிக்கின்றார்கள். அதில் சிரிப்பதற்கு ஒன்றுமில்லை. ஸல்மான் அல்ஃபாரிஸீ (ரழி) அவர்களின் பெயரிலேயே அவர் பாரசீகர் என்பது நிலைத்து நிற்கின்றது. நல்ல பொருளுடைய தமிழ்ப் பெயரால் ஈமானுக்கு எந்தக் குறைவும் வந்துவிடாது என்பதே எனது கருத்து.

பிற சமூகத்தாரிடமும் பெயருக்கு வரலாறு உண்டு. பெரேரா என்றால் போர்த்துக்கேய மொழியில் பேரி மரம். சில்வா என்றால் காடு. துருக்கியில் அனைவரும் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ள வேண்டும் என்ற சட்டம் 1934இல்தான் வந்தது. ஐஸ்லாந்து மக்களோ இன்றும் பெரும்பாலும் இன்னாரின் மகன், இன்னாரின் மகள் என்றே பெயரை முடிக்கின்றார்கள்.

நமது வழக்கத்தில் தகப்பனின் பெயர் முன்னால் நிற்கும்; நமது பெயர் பின்னால் வரும். அறபு நாடுகளில் இதற்கு நேர்மாறு. நான் உம்றாவுக்குச் சென்றபோது, விமான நிலையத்தில் கடவுச்சீட்டைப் பார்த்த அதிகாரி முதலில் இருந்த பெயரைச் சொல்லி உரத்து அழைத்தார். அது என் வாப்பாவின் பெயர். வாப்பா வபாத்தாகி அப்போது நான்கு வருடங்கள். அந்தப் பெயரை அவ்வாறு உரத்து யாரும் அழைத்து நான் கேட்டு எவ்வளவோ காலமாகியிருந்தது. அது நானல்ல என்று திருத்திச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. எழுந்து சென்றேன்.

பெற்றோர்களே! இனி உங்களோடு ஒரு வார்த்தை. ஒரு சகோதரர் தம் பெண் குழந்தைக்கு லைஸா என்று பெயர் வைக்கலாமா என்று என்னிடம் வந்து கேட்டார். அல்குர்ஆனில் இருக்கும் சொல், ஓசையும் அழகு என்றார். அல்குர்ஆனில் அது இருப்பது உண்மைதான். அறபுக் கல்லூரியில் இலக்கண வகுப்பில் நாங்கள் மனனம் செய்த சொல் அது. அதன் பொருள் 'இல்லை' என்பதாகும். பிள்ளையை வாழ்நாளெல்லாம் இல்லை, இல்லை என்று அழைக்கப் போகின்றீர்களா என்று கேட்டேன். அவரும் சிரித்துவிட்டார், பெயரும் மாறியது.

நபியவர்களும் பெயரின் பொருளைக் கவனித்தார்கள். மாறு செய்பவள் என்ற பொருளுடைய ஆஸியா எனும் பெயரை, அழகானவள் என்ற பொருளுடைய ஜமீலா என்று மாற்றினார்கள். ஹஸ்ன், அதாவது கரடுமுரடு, என்ற பெயருடைய ஒருவரை ஸஹ்ல், இலகுவானவர், என்று மாற்றிக்கொள்ளுமாறு கூறினார்கள். என் தந்தை வைத்த பெயரை நான் மாற்றமாட்டேன் என்றார் அவர். அதன்பின் எங்கள் குடும்பத்தில் அந்தக் கரடுமுரடு நீங்கவேயில்லை என்று அவருடைய பேரர் ஸஈத் பின் முஸய்யப் (ரஹ்) கூறியதாக புஹாரியில் பதிவாகியுள்ளது. தந்தை மீதுள்ள பாசம் தவறானதல்ல. ஆனால் நாளை நம் பிள்ளையும் அதே பாசத்தால் நாம் வைத்த பெயரைச் சுமப்பான் என்பதை வைக்கும் நாளிலேயே நாம் யோசிக்க வேண்டும்.

பெயரைத் தெரிவு செய்தால் மட்டும் போதாது. சரியாக எழுதவும் வேண்டும். நமது தமிழ் எழுத்தில் கல்ப் என்று எழுதினால் அது அறபியில் இதயமா, நாயா என்று பிரித்தறிய முடியாது. ஆங்கிலத்திலோ முஹம்மத் எனும் திருப்பெயருக்கு எத்தனை எழுத்துக் கூட்டல்கள்! பிறப்புச் சான்றிதழில் ஒன்று, பாடசாலைப் பதிவில் ஒன்று, கடவுச்சீட்டில் இன்னொன்று என்று வைத்துக்கொண்டு, தொழிலுக்குப் புறப்படும் நாளில் அலைகின்ற இளைஞர்களை நாம் காண்கின்றோம். 2004 டிசம்பர் 26ஆம் திகதி கிண்ணியாவிலும் மூதூரிலும் கடல் புகுந்தபோது, பெட்டியில் இருந்த பத்திரங்களும் போயின. 2006 ஆகஸ்டில் மூதூர் மக்கள் கந்தளாய்க்கு இடம்பெயர்ந்தபோது, உடுத்த உடையோடு வந்தவர்கள் எத்தனை பேர்! பத்திரம் தொலைந்தவருக்கு, பதிவேட்டில் எழுதப்பட்டிருக்கும் பெயர்தான் சாட்சி. அது பிழையாக இருந்தால் தான் இன்னார் என்பதைத் தானே நிரூபிக்க முடியாத நிலை ஏற்படுகின்றது.

ஏழாம் நாள் அகீகா கொடுத்துப் பெயர் சூட்டுகின்றோம். பிறப்பைப் பதிவதற்கு நமது நாட்டுச் சட்டம் 42 நாட்கள் அவகாசம் தருகின்றது. இடையில் ஐந்து வாரங்கள் இருக்கின்றன. பொருளை ஆலிம் ஒருவரிடம் கேளுங்கள். தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுத்துக் கூட்டலை ஒரு தாளில் எழுதிக்கொண்டு பதிவாளரிடம் செல்லுங்கள். தந்தையின் பெயரை எழுத்தாகச் சுருக்காமல் முழுமையாக எழுதுவியுங்கள். பெண் பிள்ளைகளுக்கும் அவ்வாறே. திருமணத்தின்பின் கணவரின் பெயரைச் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று மார்க்கம் அவர்களைப் பணிக்கவில்லை. நபியவர்களின் துணைவியான பின்பும் ஆயிஷா (ரழி) அவர்கள் அபூபக்ரின் மகள் என்றே அழைக்கப்பட்டார்கள்.

நான் கூறிய அந்த மாணவன் மறுநாள் வகுப்புக்கு முந்திக்கொண்டு வந்தான். எம் என்பது வாப்பாவின் பெயராம். ஏ என்பது மூத்தவாப்பாவின் பெயராம். அவர் கிண்ணியாத் துறையில் தோணி ஓட்டியவராம். எல் என்ற எழுத்துக்கு என்ன பொருள் என்று அவனது வாப்பாவுக்கும் தெரியவில்லை. மூதூரில் வயதான மாமி ஒருவர் இருக்கின்றாராம். வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பின் வாப்பாவும் அவனும் அவரிடம் சென்று கேட்கப் போகின்றார்களாம்.

வஸ்ஸலாமு அலைக்கும் வரஹ்மதுல்லாஹி வபரகாத்துஹு.