கடை யாருடையது?



ஒரகடத்தில் ஒப்பந்த வேலை பார்க்கும் இளைஞர்கள் என்னிடம் அடிக்கடி கேட்கிறார்கள்: "ஹஜ்ரத்! ஷிப்டு வேலையை விட்டுவிட்டு யூடியூபில் இறங்கலாமா?"

இதெல்லாம் ஒரு பிழைப்பா என்று பெரியவர்கள் ஏளனம் செய்யாதீர்கள். பிழைப்புதான். 2005ல் துவங்கிய யூடியூப், 2007ல் வீடியோ எடுப்போருக்கும் விளம்பர வருமானத்தில் பங்கு தர முன்வந்தது. 2016ல் ஜியோ வந்தபின் இன்டர்நெட் மலிவானது, பார்ப்பவர்கள் பெருகினார்கள். புதுக்கோட்டை மாவட்டம் சின்னவீரமங்கலத்தில் ஒரு விவசாயக் குடும்பம் 2018ல் வயல்வெளியில் சமைத்துக் காட்டத் துவங்கியது. 2021 ஜூலையில் அவர்களுடைய 'வில்லேஜ் குக்கிங் சேனல்' ஒரு கோடி சந்தாதாரர்களைத் தொட்டது. தமிழில் அதுவே முதல் சேனல். அந்த மாதமே முதலமைச்சரின் நிவாரண நிதிக்குப் பத்து லட்சம் ரூபாய் கொடுத்தார்கள்.

ஆனால் சிந்தியுங்கள்! சரக்கு உங்களுடையது, கடை யாருடையது? நீண்ட வீடியோக்களின் விளம்பர வருமானத்தில் 55 சதவீதம் உங்களுக்கு, மீதி கடைக்காரருக்கு. 2018ல் அவர் விதியை மாற்றினார். ஆயிரம் சந்தாதாரர்களும், ஓராண்டில் 4,000 மணி நேரப் பார்வையும் இல்லாத சிறு சேனல்களுக்கு அந்த வருமானம் நின்றது. 2020 ஜூன் 29ல் அரசு டிக்டாக்கைத் தடை செய்தது. அதை மட்டுமே நம்பியிருந்தவர்களின் கடை ஒரே இரவில் காணாமல் போனது!

இது நம் பகுதிக்குப் புதிதா? ஸ்ரீபெரும்புதூரில் 2006ல் உற்பத்தியைத் துவங்கிய நோக்கியா ஆலை 2014 நவம்பரில் மூடப்படவில்லையா? ஆயிரக்கணக்கான இளைஞர்கள் வீடு திரும்பவில்லையா? அடுத்தவர் கூரையை மட்டும் நம்பியதன் விலை அது.

ஆகவே, இளைஞர்களே! வேலையை உதறிவிட்டு இறங்காதீர்கள். விடுமுறை நாளில் துவங்குங்கள். ஆலைக்குள் கேமராவைத் திறக்காதீர்கள். உள்ள வேலையும் போய்விடும். வெல்டிங், மோட்டார் பழுது, பிரியாணி என்று கைக்குத் தெரிந்ததைக் காட்டுங்கள். வரவு செலவை எழுதி வையுங்கள். ஆறு மாதக் குடும்பச் செலவு கையில் சேர்ந்தபிறகு முடிவெடுங்கள். சூதாட்ட ஆப்புகளைப் புகழ்ந்து காசு வாங்காதீர்கள். அது பார்ப்பவன் வீட்டு அடுப்பை அணைத்து வரும் பணம்.

வியாபாரிகளே! இந்தப் பிள்ளைகளுக்குக் கூலி கொடுத்து உங்கள் சரக்கைப் படம் பிடிக்கச் சொல்லுங்கள். வீடியோ விளம்பரப் பலகையாக இருக்கட்டும். கடை உங்களுடையதாக இருக்கட்டும். நாளை அந்தப் பலகை விழுந்தாலும் கல்லா மிஞ்சும்.

அடுத்தவர் திண்ணையில் கடை விரிக்கலாம், சகோதரர்களே. குடியிருக்க நம் வீடு வேண்டும்!