வரிசைதான் மரியாதை: நேரலை விளையாட்டில் பார்வையாளருக்கு முறை வைப்பது எப்படி?

(கம்மாபுரத்தில் இளைஞர்களுக்காக நடந்த இணையப் பயிற்சி வகுப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"போன்ல விளையாடுறதுக்கெல்லாம் ஒரு வகுப்பா, அதுக்கு ஒரு உரையா?" என்று சிலர் நினைக்கலாம். நினைப்பதில் தப்பில்லை. ஆனால் இன்றைக்கு நம்ம ஒன்றியத்திலேயே சாயங்காலம் ஆனா யூடியூப் நேரலையில உட்கார்ற பிள்ளைகள் இருக்காங்க. பிஜிஎம்ஐ, ஃப்ரீ ஃபயர் மேக்ஸ், லூடோ, செஸ் என்று ஆடுறாங்க. தான் ஆடுறதைக் காட்டுவதோடு நிறுத்துவதில்லை. பார்க்கிறவங்களையும் "வா, நீயும் ஆடு" என்று கூப்பிடுறாங்க.

கூப்பிடுறது நல்ல விஷயம். ஆனா நாற்பது பேர் நிற்கிறாங்க, இடம் மூணுதான் இருக்கு. யாரைக் கூப்பிடுவ? முதல்ல வந்தவனையா? தெரிஞ்சவனையா? காசு கொடுத்தவனையா? இந்தக் கேள்வி விளையாட்டுக் கேள்வி இல்லை தோழர்களே. இது நியாயத்தைப் பற்றிய கேள்வி. நியாயத்தைப் பற்றிப் பேசத்தான் நமக்கு மேடை.

வரிசை என்றால் என்ன என்று கம்மாபுரத்துக்காரனுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம். நேரடி நெல் கொள்முதல் நிலையத்துல மூட்டையை அடுக்கி வைத்துவிட்டு வானத்தைப் பார்த்துக்கிட்டு உட்கார்ந்தவன் நாம். பின்னால வந்த மூட்டை முன்னால எடை போடப்பட்டா வயிறு எப்படி எரியும் என்று நமக்குத் தெரியும். அதே நேரத்துல பொங்கல் பரிசுத் தொகுப்புக்கு வீட்டுக்கே டோக்கன் வந்து, அதில் தேதியும் நேரமும் எழுதியிருந்தா, எவ்வளவு நிம்மதியாப் போய் வாங்கிட்டு வரோம்! பொருள் அதேதான், கடை அதேதான். முறை வைத்ததால்தான் அந்த நிம்மதி.

அந்த டோக்கன் புத்தியை நேரலைக்குக் கொண்டு வரணும். அதுதான் இன்றைக்கு நான் சொல்ல வந்தது.

முதலில் இப்போ என்ன நடக்குது என்று பார்ப்போம். பிஜிஎம்ஐயில தனி அறை போடுறாங்க. அதாவது கஸ்டம் ரூம். 100 பேர் வரைக்கும் உள்ளே வரலாம். நேரலை ஓட்டுற தம்பி திரையில ரூம் ஐடியையும் பாஸ்வேர்டையும் காட்டுறான். கண்ணை மூடித் திறக்கிறதுக்குள்ள ரூம் நிறைஞ்சு போச்சு. "ஃபுல் ஆயிடுச்சு மக்களே, அடுத்த மேட்ச்" என்கிறான். அடுத்த மேட்ச்லயும் அதே பேர்கள்தான் உள்ளே. வெளியில நிற்கிறவன் மூணு மணி நேரமா வெளியிலேயே நிற்கிறான்.

ஏன் இப்படி ஆகுது? நேரலை என்று பேர்தானே தவிர, எல்லாருக்கும் ஒரே நொடியில் படம் போய்ச் சேர்வதில்லை. யூடியூப்ல தாமதத்தைக் குறைக்க அமைப்பு இருக்கு. குறைந்த தாமதம் வைத்தால் பெரும்பாலானவர்களுக்கு 10 நொடிக்குள், மிகக் குறைந்த தாமதம் வைத்தால் 5 நொடிக்குள் படம் வரும். ஆனா நெய்வேலி டவுன்ஷிப்புல கம்பி வழி இணையம் வைத்திருப்பவனுக்கும், வயல்காட்டு ஓரம் ஒத்தைக் கோடு சிக்னலில் பார்ப்பவனுக்கும் நடுவில் சில நொடி வித்தியாசம் எப்பவும் இருக்கும். ரூம் நிறைய அந்தச் சில நொடி போதும். ஆக, "யார் முதலில் வருகிறாரோ அவருக்கு இடம்" என்பது கேட்க நியாயமாத் தெரியும். நடைமுறையில் அது நல்ல போனும் நல்ல இணையமும் உள்ளவனுக்கு ஒதுக்கீடு. இதை நாம புரிஞ்சுக்கணும்.

முறையே வைக்காம விட்டா என்ன ஆகும் என்பதற்கு உலகம் பார்த்த உதாரணம் ஒண்ணு இருக்கு. 2014 பிப்ரவரி 12 அன்று ட்விட்ச் தளத்தில் ஒரு நேரலை தொடங்கியது. பழைய போக்கிமான் ஆட்டம் ஒன்றை, அரட்டையில் எழுதுகிற எல்லாரும் சேர்ந்து ஆடலாம் என்றார்கள். ஒருவர் "மேலே" என்பார், அடுத்தவர் "கீழே" என்பார், ஆட்டக்காரன் அங்கேயே சுற்றிச் சுற்றி வந்தான். பத்து லட்சத்துக்கும் மேலானவர்கள் பங்கெடுத்தார்கள். நடுவில் ஆட்டம் நகராமல் நின்றபோது, வாக்கெடுத்துப் பெரும்பான்மை சொல்வதைச் செய்யும் முறையைக் கொண்டு வந்தார்கள். அதற்கு அவர்கள் வைத்த பெயரே ஜனநாயகம். பழைய முறைக்குப் பெயர் அராஜகம். 16 நாளில் ஆட்டத்தை முடித்தும் விட்டார்கள். விளையாட்டு இடத்திலும் கூட்டம் கூடினால் ஒரு ஏற்பாடு தேவைப்படுது, பாருங்க.

சரி, நம்ம ஏற்பாட்டுக்கு வருவோம். படிப்படியாச் சொல்றேன், குறிச்சுக்குங்க.

ஒன்று, இடத்தை எண்ணு. செஸ் என்றால் ஒரு நேரத்தில் ஒருவர். நாலு பேர் ஆடுற லூடோ என்றால் உன்னைத் தவிர மூணு பேர். பிஜிஎம்ஐ ஸ்குவாட் என்றாலும் மூணு பேர். கஸ்டம் ரூமில் நீயும் ஆடினால் மற்றவர்களுக்கு 99 இடம். அடுத்து நேரத்தை எண்ணு. ஆளுக்கு மூணு நிமிஷம் வைத்து செஸ் ஆடினால் ஒரு ஆட்டம் அதிகபட்சம் ஆறு நிமிஷம். ஆள் மாறும் நேரத்தையும் சேர்த்தால் மணிக்கு எட்டு ஆட்டம் என்று வை. இரண்டு மணி நேர நேரலையில் 16 பேர். அப்போ நாற்பது பேருக்கு "எல்லாருக்கும் வாய்ப்பு உண்டு" என்று சொல்லாதே. "இன்னைக்கு 16 பேர், மீதிப் பேர் நாளைக்கு முதலில்" என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிடு. இல்லாத இடத்தை வாக்குறுதி கொடுக்கக் கூடாது. அரசியலுக்கும் இது பொருந்தும்!

இரண்டு, பதிவையும் நுழைவையும் பிரி. ஐடியைத் திரையில் காட்டுவதை முதலில் நிறுத்து. அதற்குப் பதிலா பத்து நிமிஷம் பதிவு நேரம் வை. அந்தப் பத்து நிமிஷத்துக்குள் அரட்டையில் "வரேன்" என்று ஒரு சொல்லும், கூடவே ஆட்டத்தில் வைத்திருக்கிற பெயரும் எழுதினால் போதும். முதல் நிமிஷம் எழுதினவனுக்கும் ஒன்பதாவது நிமிஷம் எழுதினவனுக்கும் ஒரே மதிப்பு. சிக்னல் மெதுவா இருந்தாலும் பத்து நிமிஷத்துக்குள்ள ஒரு சொல் வந்து சேர்ந்துவிடும். வயல்காட்டுத் தம்பி டவுன்ஷிப் தம்பிக்குச் சமமா நிற்பது இந்த இடத்துலதான்.

மூன்று, இடத்தைவிட ஆள் அதிகமானால் குலுக்கல் போடு. நைட்பாட் போன்ற அரட்டை உதவிக் கருவிகளில் குறிப்பிட்ட சொல்லை எழுதியவர்களிலிருந்து குலுக்கி எடுக்கும் வசதி இருக்கு, காசு கிடையாது. கருவி வேண்டாம் என்றால் துண்டுச் சீட்டில் பேர் எழுதிக் கேமரா முன்னாடியே எடு. இது நமக்குப் புதுசு இல்லை. ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் முதலாம் பராந்தகன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டு குடவோலை முறையைச் சொல்லுது. ஓலையில் பேர் எழுதிக் குடத்தில் போட்டு, ஒரு சிறுவனை விட்டு எல்லார் முன்னிலையிலும் எடுக்கச் சொன்னார்கள். கடந்த மூணு வருஷத்துக்குள் வாரியத்தில் இருந்தவர் மறுபடி வர முடியாது என்றும் வைத்தார்கள். அந்தக் குடவோலையில் எல்லாருக்கும் இடம் இருக்கவில்லை. நிலமும் வேதக் கல்வியும் கேட்டார்கள். அந்தத் தடையை நாம ஏற்கவில்லை. ஆனா எல்லார் கண் முன்னாலும் எடுப்பது, ஒரு தடவை அனுபவித்தவர் ஒதுங்கி நிற்பது, இந்த இரண்டையும் எடுத்துக்கலாம்.

நான்கு, ஆடினவர் கடைசிக்குப் போகணும். ஒரு ஆட்டம் முடிஞ்சதும் பேர் பட்டியலின் கடைசியில் சேரும். தோற்றாலும் அதேதான், ஜெயித்தாலும் அதேதான், உன் பக்கத்து வீட்டுக்காரனா இருந்தாலும் அதேதான்.

ஐந்து, பட்டியல் எல்லார் கண்ணுக்கும் தெரியணும். கணினியில் ஓபிஎஸ் வைத்திருப்பவர்கள், பேர்களை ஒரு சாதாரண எழுத்துக் கோப்பில் எழுதி, அந்தக் கோப்பைத் திரையில் காட்டும்படி அமைக்கலாம். கோப்பைத் திருத்திச் சேமித்தால் திரையிலும் மாறும். போனிலிருந்து ஓட்டுபவர்கள் அடுத்த ஐந்து பேரை அரட்டையின் மேலே பின் பண்ணி வைக்கலாம். தனக்கு முன்னால் எத்தனை பேர் என்று தெரிந்தவன் பொறுமையா இருப்பான். தெரியாதவன்தான் சண்டைக்கு வருவான். பட்டியலைப் பார்த்துக்க ஒரு நண்பரை அமர்த்திவிடு. ஆடிக்கிட்டே வரிசையையும் பார்க்க ஒருத்தரால முடியாது.

ஆறு, கூப்பிட்டதும் வராதவனைத் தூக்கி எறியாதே. கரண்ட் போயிருக்கும், அம்மா கடைக்கு அனுப்பியிருப்பாங்க. இரண்டு நிமிஷம் பார். வரலைன்னா அடுத்தவரைக் கூப்பிடு, அவனை ஒரு இடம் மட்டும் பின்னுக்குத் தள்ளு. இரண்டாவது தடவையும் வரலைன்னா கடைசிக்கு. விதியை முன்னாடியே சொல்லியிருந்தா யாரும் கோவிச்சுக்க மாட்டாங்க. முறை வந்தவருக்கு மட்டும் ரூம் ஐடியைத் தனியா அனுப்பு, டிஸ்கார்டுல தனிச் செய்தியா அனுப்பலாம்.

ஏழாவது விஷயம் காசு. இதைக் கொஞ்சம் கவனமாக் கேளுங்க.

"சூப்பர் சாட் போட்டா அடுத்த மேட்ச்ல நீதான்" என்று சொல்றாங்க. நேரலை ஓட்டுறவனுக்கும் செலவு இருக்கு, டேட்டாவுக்குக் காசு வேணும், நான் மறுக்கல. காசு கொடுத்தவருக்கு நன்றி சொல்லு, பேரை வாசி, அவர் கேட்கிற கேள்விக்கு முதலில் பதில் சொல்லு. ஆனா வரிசையில் இடத்தை மட்டும் விற்காதே. விற்ற அன்னைக்கே அது வரிசை இல்லை, ஏலம். இரண்டு மணி நேரம் காத்திருந்த பையனோட நேரத்துக்கு மதிப்பே இல்லை என்று நீ சொன்ன மாதிரி ஆயிடும். அவன்கிட்ட கொடுக்க இருந்ததே அந்த நேரம் ஒண்ணுதான்.

இன்னொன்று அதைவிட ஆபத்து. ஆளுக்கு 20 ரூபாய், 30 ரூபாய் நுழைவுக் கட்டணம் வாங்கி, ஜெயித்தவருக்குப் பணம் தருவது. இணைய விளையாட்டு ஊக்குவிப்பு மற்றும் ஒழுங்குமுறைச் சட்டத்துக்கு 2025 ஆகஸ்ட் 22 அன்று குடியரசுத் தலைவர் ஒப்புதல் கொடுத்தார். காசு கட்டிக் காசு ஜெயிக்கும் இணைய ஆட்டத்தை அது தடை செய்கிறது. திறமை ஆட்டமா, அதிர்ஷ்ட ஆட்டமா என்ற வித்தியாசமே அதில் இல்லை. நடத்துவதற்கு மூணு வருஷம் வரை சிறை, ஒரு கோடி ரூபாய் வரை அபராதம். விளம்பரம் செய்தால் இரண்டு வருஷம் வரை சிறை, 50 லட்சம் வரை அபராதம். அங்கீகாரம் பெற்ற மின்விளையாட்டுப் போட்டிக்குத் தனி விதி உண்டு. வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து போடுற ரூம் அதில் சேரும் என்று யாராவது சொன்னால் நம்பாதீங்க.

கடைசியா, வரிசையில் நிற்கிறவங்க பாதுகாப்பு. பதிவுக்குப் போன் நம்பர் கேட்காதே, ஊர், பள்ளிக்கூடம் பேர் கேட்காதே. ஆட்டத்துப் பேர் மட்டும் போதும். நம்ம தங்கைகள் "வரேன்" என்று எழுதத் தயங்குவது இதனால்தான். அரட்டையில் ஒருத்தன் கேவலமாப் பேசினா, அவன் எவ்வளவு பெரிய ரசிகனா இருந்தாலும் வரிசையை விட்டு வெளியே போகணும். 2025 ஜூலை 22 முதல் யூடியூப்ல தனியா நேரலை ஓட்ட 16 வயது ஆகியிருக்கணும். பிஜிஎம்ஐ 2023 மே மாதம் திரும்பி வந்தபோது 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு ஒரு நாளைக்கு மூணு மணி நேரம்தான் என்று வைத்தார்கள். அதனால் சின்னப் பிள்ளைகள் இருக்கிற வரிசையை நடுராத்திரி வரை இழுக்காதே. ஒன்பது மணிக்கு முடி. மீதிப் பேரை எழுதி வைத்து மறுநாள் அதே வரிசையில் கூப்பிடு. எழுதி வைத்த பேரை மறுநாள் மறக்காமல் கூப்பிட்டுப் பார், அந்தப் பிள்ளை உன் சேனலை விட்டுப் போகவே மாட்டான்.

தம்பிகளே, தங்கைகளே, நாளைக்கு நீங்கள் சங்கத்துக்கு, கூட்டுறவுக்கு, ஊராட்சிக்குப் பொறுப்புக்கு வருவீங்க. அங்கேயும் இடம் கொஞ்சம், கேட்கிறவர் அதிகம். பட்டியலைத் திறந்து வைப்பதும், தெரிஞ்சவனை முன்னால் விடாததும், காசுக்கு இடத்தை விற்காததும் அன்றைக்குத் திடீரென்று கைவராது. இன்றைக்கு மூணு பேர் லூடோவில் பழகினால்தான் வரும்.

இன்னைக்குச் சாயங்காலம் நேரலை போடப் போறவங்க, ஆட்டத்தைத் தொடங்குறதுக்கு முன்னாடி உங்க விதியை நாலு வரியில் எழுதித் திரையில் வையுங்க. மீதியைப் பார்க்கிறவங்களே பார்த்துக்குவாங்க.



#கம்மாபுரம் #வரிசைதான்_மரியாதை