மதிப்பூதியத்தில் மதிப்பு எங்கே?

(திருவனந்தபுரத்தில் தொழிலாளர் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



மொழிபெயர்ப்புப் பணியில் ‘ஹானரேரியம்’ என்பதை ‘மதிப்பூதியம்’ என்றே எழுதி வந்தேன். இவ்வூர்த் தலைமைச் செயலக வாயிலில் ஆஷா ஊழியர்கள் 2025 பிப்ரவரி 10 முதல் பல மாதங்கள் வெயிலிலும் மழையிலும் அமர்ந்திருந்த பின்னர், அச்சொல்லை எழுதக் கை கூசுகிறது.

மாநில அரசு அளித்த மதிப்பூதியம் மாதம் 7,000 ரூபாய். நாளொன்றுக்கு 233 ரூபாய். ஊக்கத்தொகை தனி, அதுவும் நிபந்தனைகளுக்கு உட்பட்டது. கர்ப்பிணிகளைக் கண்காணித்தலும் தடுப்பூசிக்குக் குழந்தைகளை அழைத்து வருதலும் அரசின் பணிகள். செய்பவரை மட்டும் ‘தன்னார்வலர்’ என்கிறது ஒன்றிய அரசு. அந்த ஒரு சொல்லால் குறைந்தபட்சக் கூலியும் ஓய்வுக்காலப் பலனும் பறிபோகின்றன. 50ஆம் நாளில் பெண்கள் தம் கூந்தலையே கத்தரித்து எதிர்ப்பைக் காட்டினர்.

தினக்கூலிகளிடமும் இதே தந்திரந்தான். பெயர் மட்டும் ‘தற்காலிகம்’. மத்திய நீர் ஆணைய அலுவலகத்தில் பல்லாண்டுகள் துப்புரவும் தோட்ட வேலையும் செய்தோர் 2018இல் திடீரென நீக்கப்பட்டனர். 2024 டிசம்பர் 20 அன்று, ஜக்கோ வழக்கில், அவர்களை மீண்டும் பணியிலமர்த்தி நிரந்தரமாக்க உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. 2006ஆம் ஆண்டு உமாதேவி தீர்ப்பைக் கேடயமாக்கி நீண்டகால ஊழியரை வஞ்சிப்பதையும் அது கண்டித்தது.

கேரளத்தில் அப்போது ஆட்சியிலிருந்தது இடது ஜனநாயக முன்னணி. இதைச் சொல்லாமல் விடுவது நேர்மையன்று. வாயிற்போராட்டம் நவம்பர் 1இல் முடிந்தபோது கூடியிருந்தது 1,000 ரூபாய். மாதம் 21,000 ரூபாயும் ஓய்வின்போது 5 லட்சமும் என்ற கோரிக்கைகள் அப்போது அப்படியே நின்றன.